வயலில் இறங்கிய கேமரா

ஜப்பானிய ஆவணப்பட இயக்குநர் ஒகாவா ஷின்சுகேயும் அவருடைய குழுவினரும் 1970களின் நடுவில் மகினோ என்ற சிற்றூருக்குக் குடிபெயர்ந்தார்கள். நாட்டின் வடகிழக்கில், யமகதா மாநிலத்தின் கமினோயமா நகர எல்லைக்குள் அடங்கிய நெல் விளையும் ஊர் அது. பத்தாண்டுக்கும் மேலாக அங்கே தங்கி நெல் பயிரிட்டார்கள், பட்டுப்புழு வளர்த்தார்கள், மண்ணைத் தோண்டிப் பார்த்தார்கள், முதியவர்களிடம் கதை கேட்டார்கள், படமும் எடுத்தார்கள். படம் எடுப்பதைக் கடைசியில் சொல்வதற்குக் காரணம் உண்டு. ஒரு வேலையைக் கையால் செய்து பழகிய பிறகே அதைப் படமாக்குவது என்ற முறையை இந்தக் குழு வகுத்துக்கொண்டது. ஓர் ஊரின் வரலாற்றைத் திரைப்படம் எப்படி எழுத முடியும் என்பதற்கு இருபதாம் நூற்றாண்டு தந்த விடைகளில் மிகப் பிடிவாதமானது இதுதான்.

மகினோ இருக்கும் தோஹோகு பகுதி ஜப்பானின் மற்ற பகுதிகளைவிட நெடுங்காலம் ஏழ்மையில் கிடந்தது. குளிர்காலப் பனி மாதக்கணக்கில் நிலத்தை மூடிவிடும். கோடையிலும் நிம்மதி இல்லை. பசிபிக் கடலிலிருந்து வீசும் குளிர்காற்று சில ஆண்டுகளில் நெற்பயிரை அப்படியே பொய்க்க வைக்கும். 1780களிலும் 1830களிலும் வந்த பெரும் பஞ்சங்களில் தோஹோகு கிராமங்கள் பல ஆளில்லாமல் போயின. 1934இல் மீண்டும் குளிர் தாக்கியபோது, கடனை அடைக்கப் பெண் பிள்ளைகளை விற்ற செய்திகள் டோக்கியோ நாளிதழ்களில் வெளிவந்தன. இரண்டாம் உலகப் போருக்குப் பின் நடந்த நிலச்சீர்திருத்தம் குத்தகைக்காரர்களை நில உடைமையாளர்கள் ஆக்கியது. ஆனால் 1950களின் பிற்பகுதியில் தொழில் வளர்ச்சி வேகமெடுத்ததும், பனிக்காலத்தில் ஆண்கள் கட்டட வேலைக்கு டோக்கியோ போவது வழக்கமாயிற்று. 1970 வாக்கில் அரிசி மிகுதியாகிவிட்டதால் நெல் சாகுபடிப் பரப்பைக் குறைக்கும்படி அரசே சொல்லத் தொடங்கியது. தலைமுறை தலைமுறையாக நெல்லைத் தவிர வேறு பெருமை அறியாத ஊர்களுக்கு அது என்ன அடி என்பதை விளக்க வேண்டியதில்லை.

ஒகாவா இந்த மண்ணில் பிறந்தவர் அல்லர். அவர் தொழில் பழகியது டோக்கியோவின் இவானாமி திரைப்பட நிறுவனத்தில். மின் நிறுவனங்களுக்கும் எஃகு ஆலைகளுக்கும் விளம்பரப் படங்கள் எடுத்துக் கொடுத்து வாழ்ந்த நிறுவனம் அது. அணை கட்டுவதையும் உலை எரிவதையும் அழகாகக் காட்டிக்கொண்டே, அங்கிருந்த இளைஞர்கள் ஆவணப்படம் என்றால் என்ன என்று தங்களுக்குள் வாதிட்டார்கள். பின்னாளில் மினமாத்தா பாதரச நச்சின் பாதிப்பைப் படமாக்கிப் புகழ்பெற்ற சுசிமோத்தோ நொரியாக்கியும் அந்த வட்டத்தைச் சேர்ந்தவர். 1960களின் நடுவில் ஒகாவா வெளியேறி, மாணவர் போராட்டங்களைப் படமாக்கினார். அஞ்சல்வழிக் கல்வி மாணவர்களைப் பற்றிய ‘இளமையின் கடல்’ 1966இல் வந்தது. திரையரங்கு முதலாளிகள் இத்தகைய படங்களைத் தொடமாட்டார்கள். ஆகவே மாணவர் அமைப்புகள், தொழிற்சங்கங்கள், ஊர் மன்றங்கள் வழியாகத் திரையிடும் ஒரு வலைப்பின்னலைக் குழுவே உருவாக்கியது. நாட்டின் பல பகுதிகளில் அதற்குக் கிளைகள் இருந்தன. அடுத்த படத்துக்கான பணம், போன படத்தைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகப் போனவர்களிடமிருந்துதான் வந்தது.

கிராமத்தோடு குழுவுக்கு ஏற்பட்ட முதல் உறவு போர்க்களத்தில் தொடங்கியது. டோக்கியோவுக்குப் புதிய பன்னாட்டு விமான நிலையத்தை நரித்தாவுக்கு அருகே சன்ரிசுகாவில் கட்டுவதென 1966 ஜூலையில் அமைச்சரவை முடிவெடுத்தது. அங்கிருந்த விவசாயிகளை யாரும் கேட்கவில்லை. அவர்கள் எதிர்ப்புச் சங்கம் அமைத்தார்கள். இடதுசாரி மாணவர்கள் துணைக்கு வந்தார்கள். கலகத் தடுப்புக் காவலர்கள் எதிரே நின்றார்கள். ஒகாவா குழு 1968இல் அங்கேயே வீடு பிடித்துத் தங்கியது. ‘சன்ரிசுகாவில் கோடை’ அந்த ஆண்டே வெளியானது. அதைத் தொடர்ந்து வந்த படங்களில் 1971இல் வெளியான ‘இரண்டாம் கோட்டையின் மக்கள்’ உலகெங்கும் பேசப்பட்டது. நிலம் கையகப்படுத்த வந்தவர்களைத் தடுக்கப் பெண்கள் தங்களை மரங்களில் சங்கிலியால் பிணைத்துக்கொண்டதும், தரைக்கடியில் சுரங்கம் தோண்டி விவசாயிகள் குடியிருந்ததும் அதில் பதிவாகியுள்ளன. கேமரா எப்போதும் விவசாயிகளின் பக்கம் நின்றது. காவலர்களின் வரிசைக்குப் பின்னாலிருந்து படமெடுக்க ஒகாவா முயலவே இல்லை. அதை ஒருதலைப்பட்சம் என்று சொன்னவர்களுக்கு, ஆம், அப்படித்தான் என்பதே அவருடைய நிலையாக இருந்தது.

1971 செப்டம்பரில் நடந்த மோதலில் காவலர்கள் மூவர் உயிரிழந்தார்கள். போராட்டத்தில் இருந்த ஓர் இளைஞர் தற்கொலை செய்துகொண்டார். வீடு வீடாகக் கைதுகள் நடந்தன. இந்தக் கட்டத்தில் குழு எடுத்த ‘ஹெத்தா கிராமம்’ (1973) முந்தைய படங்களிலிருந்து முற்றிலும் விலகியது. அதில் மோதல் ஏறக்குறைய இல்லை. ஊர்க் கூட்டத்தில் மக்கள் பேசுகிறார்கள். கிழவர்கள் நிலத்தையும் மூதாதையரின் கல்லறையையும் பற்றிப் பேசுகிறார்கள். கேமரா வெட்டாமல் கேட்டுக்கொண்டிருக்கிறது. இந்த மக்கள் ஏன் இவ்வளவு காலம் நின்று போராடினார்கள் என்ற கேள்விக்கு விடை தடியடிக் காட்சிகளில் கிடைக்காது, அவர்கள் நாள் கழிக்கும் விதத்தில்தான் கிடைக்கும் என்பது குழுவுக்குப் புரிந்திருந்தது. ஆனால் புரிந்ததோடு ஒரு குறையும் வெளிப்பட்டது. ஆண்டுக்கணக்கில் விவசாயிகளோடு இருந்தும் விவசாயம் என்னவென்று தங்களுக்குத் தெரியாது என்பதே அந்தக் குறை.

அந்த நேரத்தில்தான் மகினோவைச் சேர்ந்த விவசாயியும் கவிஞருமான கிமுரா மிச்சியோ அவர்களைத் தம் ஊருக்கு அழைத்தார். இருக்க வீடும் பயிர் செய்ய நிலமும் கிடைத்தன. கமினோயமா பழைய கோட்டை நகரம். வெந்நீர் ஊற்றுகளுக்குப் பேர்போனது. கிழக்கே ஸாவோ மலைத்தொடர். நவீன ஜப்பானின் பெருங்கவிஞர்களில் ஒருவரான சைத்தோ மோகிச்சி பிறந்ததும் இந்த வட்டாரத்தில்தான். டோக்கியோவிலிருந்து வந்த நீள்முடி இளைஞர் கூட்டத்தை ஊரார் உடனே அணைத்துக்கொண்டிருப்பார்கள் என்று எண்ண இடமில்லை. நிலத்தில் இறங்கி வேலை செய்தது மட்டுமே அவர்களுக்கு ஊருக்குள் இடம் வாங்கித் தந்தது.

முதல் பாடம் பட்டுப்புழு. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஜப்பானின் ஏற்றுமதியைத் தாங்கியது கச்சாப் பட்டு. அமெரிக்கச் சந்தை சரிந்ததும், அதன் பின்னர் நைலான் வந்ததும் அந்தத் தொழிலை ஒடுக்கின. இருந்தும் 1970களில் யமகதா கிராமங்களில் பெண்கள் புழு வளர்த்துக்கொண்டுதான் இருந்தார்கள். ஒகாவாவின் மனைவியும் குழுவின் உறுப்பினருமான ஷிராய்ஷி யோகோ, அக்கம்பக்கத்துப் பெண்களிடம் அந்த வேலையைக் கற்றார். அந்தக் கற்றலே ‘மகினோ கிராமக் கதை: பட்டு வளர்ப்பு’ (1977) என்ற படமானது. நான்கு முறை தோலுரிக்கும் புழு, ஒவ்வொரு பருவத்திலும் வேறு அளவில் நறுக்கப்பட வேண்டிய முசுக்கொட்டை இலை, கூட்டைக் கட்டும் நேரம் வந்துவிட்டதென்று புழுவின் உடல் தெளிவதைப் பார்த்து அறிவது: இவை வாயால் சொல்லிக் கொடுக்க முடியாத அறிவு. கற்பவர் தடுமாறும்போது சொல்லிக் கொடுப்பவர் திருத்துவதையும் படம் காட்டுகிறது. தொழிலைச் செய்பவரைத் தள்ளி நின்று வியக்கும் படங்களுக்கும் இதற்கும் உள்ள வேறுபாடு அங்கே தெரியும்.

நெல்லுக்கு இதைவிட அதிக காலம் தேவைப்பட்டது. குழு நாற்று விட்டு, நட்டு, களையெடுத்து, அறுத்தது. கூடவே நீரின் வெப்பம், மண்ணின் வெப்பம், தூர் கட்டிய எண்ணிக்கை எல்லாவற்றையும் குறிப்பேட்டில் எழுதி வரைபடம் போட்டது. ஒளிப்பதிவாளர் தமுரா மசாகி பயிரை மனிதரைப் போலவே அணுகினார். நெல் பூப்பதை அவர் எடுத்த காட்சி திரைப்பட வரலாற்றில் தனியிடம் பெற்றது. காலையில் வெயில் ஏறிய பின் நெல்லின் இரு உமிகளும் மெல்லப் பிளக்கின்றன. உள்ளிருந்து ஆறு மகரந்தத் தாள்கள் நீண்டு வெளியே தொங்குகின்றன. அவை உதிர்க்கும் தூள் அடியிலிருக்கும் சூல்முடியில் விழுகிறது. ஒன்றிரண்டு மணி நேரத்தில் உமி மீண்டும் மூடிக்கொள்கிறது. வாழ்நாள் முழுவதும் நெல் பயிரிட்டவர்கள்கூட இதை இவ்வளவு அருகில் பார்த்ததில்லை. நுண்ணோக்கி வழியாகவும் படம் எடுக்கப்பட்டது. அறிவியல் படம் போலத் தோன்றும் இந்தப் பகுதி உண்மையில் ஊர் வரலாற்றின் மையம். பூத்த உமிக்குள் அந்த ஒன்றிரண்டு மணி நேரத்தில் நடப்பது தவறினால்தான் தோஹோகுவில் பஞ்சம் வந்தது.

1980இன் கோடை அதை நேரில் காட்டியது. ஜப்பான் முழுவதும் குளிர் பயிரைத் தாக்கிய ஆண்டு அது. கதிர் வெளிவருவதற்குப் பத்துப் பன்னிரண்டு நாட்களுக்கு முன், தாளுக்குள் பொதியாக இருக்கும்போதே மகரந்தம் உருவாகிறது. அப்போது சில நாள் கடுங்குளிர் அடித்தால் மகரந்தம் மலடாகிவிடும். வெளியே தெரியும் அடையாளம் எதுவும் உடனே இருக்காது. கதிர் வழக்கம்போல வரும், பூக்கும். ஆனால் பால் பிடிக்காது. மணி முற்றித் தலை சாய வேண்டிய நேரத்தில் பதர்க் கதிர் நிமிர்ந்தே நிற்கும். தோஹோகு விவசாயிகள் இதற்குக் கையாண்ட வழி, குளிர் நாட்களில் வயலில் நீரை ஆழமாகத் தேக்கிப் பொதியைக் கதகதப்பில் வைப்பது.

பாதிப்பைத் தேடிக்கொண்டு குழு மகினோவுக்கு மேலே மலையிலிருந்த ஃபுருயாஷிகி என்ற குக்கிராமத்துக்குப் போனது. அங்கே எஞ்சியிருந்தவை எட்டே வீடுகள். மலைமுகட்டைத் தாண்டி மூடுபனியோடு வழிந்து இறங்கும் குளிர்காற்றை அங்குள்ளவர்கள் ‘வெள்ளைத் தென்காற்று’ என்று அழைத்தார்கள். அந்தக் காற்று எங்கே நுழைகிறது, எங்கே தேங்குகிறது, ஒரு வயல் தப்பி அடுத்த வயல் ஏன் வீணானது? குழு பள்ளத்தாக்கின் மாதிரியைச் செய்து, அதன்மேல் வெண்புகையை ஓடவிட்டுக் காற்றின் பாதையைப் பார்த்தது. காற்று மட்டும் காரணமில்லை என்று தோன்றியபோது வயல்களின் மண்ணை வெட்டி அடுக்கடுக்காக ஒப்பிட்டது. ‘ஜப்பான் நாடு, ஃபுருயாஷிகி கிராமம்’ (1982) என்ற படத்தின் முற்பகுதி முழுக்க இந்தத் துப்பறிதல்தான். மூன்றரை மணி நேரம் ஓடும் படத்தில் இதற்கு இவ்வளவு இடமா என்று பொறுமையற்றவர்கள் கேட்கலாம். ஆனால் விடை தெரியாமல் தேடும் மனிதர்களைப் பார்ப்பதில் ஒரு சுவாரசியம் இருக்கிறது. அதைக் குறைத்திருந்தால் படம் வெறும் முதியோர் நினைவுத் தொகுப்பாகியிருக்கும்.

பிற்பகுதியில் மனிதர்கள் வருகிறார்கள். மலையூர்களுக்கு நெல்லைவிடக் கரிதான் நெடுங்காலம் சோறு போட்டது. மண் சூளையில் விறகை அடுக்கி, நெருப்பிட்டு, புகையின் நிறத்தைப் பார்த்தே வாயை அடைக்கும் நேரத்தைக் கணிப்பது கரி மூட்டம் போடுபவரின் கலை. கொஞ்சம் முந்தினால் வேகாத கட்டை, பிந்தினால் சாம்பல். 1960களில் மண்ணெண்ணெயும் எரிவாயுவும் வீடுகளுக்கு வந்ததும் சில ஆண்டுகளுக்குள் இந்தத் தொழில் சரிந்தது. ஃபுருயாஷிகியின் வீடுகள் காலியானதற்கு அதுவும் ஒரு காரணம். பழைய கரிக்காரர் கேமரா முன் மீண்டும் வேலையைச் செய்துகாட்டும்போது, கை மறக்கவில்லை என்பது தெரிகிறது. அடுத்து போர். இந்த மலையிலிருந்து படைக்குப் போனவர்கள் கடல்கடந்து செத்தார்கள். பிழைத்து வந்த ஒருவர் எக்காளத்தை எடுத்து ஊதிக்காட்டுகிறார். பிள்ளைகளைப் பறிகொடுத்தவர்கள் குரல் உயர்த்தாமல் பேசுகிறார்கள். பேரரசின் வரலாறு எட்டு வீட்டு ஊருக்குள் எப்படி நுழைந்து எதை எடுத்துக்கொண்டு போனது என்பதை இதைவிடச் சுருக்கமாகச் சொன்ன படம் அரிது. 1984இல் பெர்லின் திரைப்பட விழாவில் பன்னாட்டு விமர்சகர் சங்கத்தின் விருது இதற்குக் கிடைத்தது.

மகினோ காலத்தின் நிறைவு 1987இல் திரைக்கு வந்த ‘ஆயிரமாண்டுக் கீறல்களின் சூரியக் கடிகாரம்: மகினோ கிராமக் கதை’. நீளம் 222 நிமிடம். நெற்பயிரின் ஓராண்டு, ஊரின் பழங்கதைகள், வயலடியில் கிடைத்த கற்காலத் தடயங்கள் மூன்றும் இதில் பின்னப்பட்டுள்ளன. நிலத்தைத் தோண்டியபோது ஜோமோன் காலப் பானையோடுகள் கிடைத்தன. நெல் ஜப்பானுக்கு வருவதற்கு ஆயிரக்கணக்கான ஆண்டுகளுக்கு முன்பே அங்கே மனிதர் வாழ்ந்திருந்ததற்கு அவை சாட்சி. தொல்லியல் அறிஞர்கள் வந்து அகழ்ந்ததை ஊரார் சுற்றி நின்று பார்த்தார்கள். தங்கள் வயலைத் தாங்களே புதிதாகப் பார்ப்பவர்களைப் போல இருந்தது அவர்கள் முகம்.

பழங்கதைகளைப் படமாக்கிய விதம் துணிச்சலானது. ஒரு குடும்பத்துக்காரர் மண்ணிலிருந்து எடுத்த ஆண்குறி வடிவக் கல்தெய்வத்தின் கதையை அந்தக் குடும்பமே நடித்துக் காட்டியது. பதினெட்டாம் நூற்றாண்டின் நடுவில் வரிச்சுமை தாங்காமல் கமினோயமா விவசாயிகள் கலகம் செய்தார்கள். தலைமை தாங்கிய ஐவர் கொல்லப்பட்டார்கள். மகினோவில் அவர்களுக்கு ஒரு கோயில் உண்டு. அந்தக் கலகத்தை ஊர் மக்களே பழைய உடை தரித்து நடித்தார்கள். சிலர் கையில் தாள் வைத்துக்கொண்டு வசனம் படித்ததுபோலத் தட்டுத்தடுமாறினாலும் ஒகாவா அதை மறைக்கவில்லை. தொழில்முறைக் கலைஞர்களும் உடன் நடித்தார்கள். தோஹோகுவின் அக்கித்தா மாநிலத்தில் பிறந்து புத்தோ நடனத்தை உருவாக்கிய ஹிஜிகத்தா தத்சுமி அவர்களில் ஒருவர். படம் திரைக்கு வருமுன்பே, 1986 ஜனவரியில் அவர் இறந்துவிட்டார். இதற்கு மாறாக, ஆவணப்பட இயக்குநர் ராபர்ட் ஃபிளாஹெர்ட்டி 1934இல் ‘அரன் தீவு மனிதன்’ எடுத்தபோது, தீவினர் எப்போதோ கைவிட்டிருந்த சுறா வேட்டையை நடப்பதுபோல் நடிக்கவைத்தார். பார்ப்பவருக்கு அது சொல்லப்படவில்லை. மகினோவில் நடிப்பு நடிப்பென்றே காட்டப்படுகிறது. நடந்தது என்ன என்பதைவிட, அதை ஊர் எப்படி நினைவு வைத்திருக்கிறது என்பதே அங்கே ஆவணம்.

இந்தப் படத்தைத் திரையிடக் கியோத்தோ நகரில் மண், மரம், வைக்கோல் கொண்டு ‘ஆயிரமாண்டுத் திரையரங்கு’ என்ற தற்காலிகக் கொட்டகையையே கட்டினார்கள். வழக்கமான அரங்கில் நான்கு மணி நேரம் உட்காரமாட்டார்கள் என்ற கவலை மட்டும் அதற்குக் காரணமல்ல. படம் எப்படி எடுக்கப்படுகிறதோ அப்படியே பார்க்கப்படவும் வேண்டும் என்ற பழைய கொள்கையின் நீட்சி அது.

குறைகளையும் சேர்த்தே இந்த வரலாற்றைச் சொல்ல வேண்டும். மகினோவில் 1980களில் டிராக்டர் ஓடியது, தொலைக்காட்சி இருந்தது, இளைஞர்கள் வேலைக்கு வெளியே போனார்கள். ‘சூரியக் கடிகாரம்’ ஆயிரம் ஆண்டு ஆழத்தைத் தேடும் வேகத்தில் இந்த நிகழ்காலத்தை ஓரத்தில்தான் வைத்தது. இரண்டாவது குறை குழுவுக்கு உள்ளே. கூட்டு வாழ்க்கை என்ற பெயரில் உறுப்பினர்கள் கூலி என்று சொல்லத்தக்க எதுவும் பெறாமல் ஆண்டுக்கணக்கில் உழைத்தார்கள். சமையலும் வீட்டு வேலையும் பெண்கள் தலையில் விழுந்தன. புகழ் ஒரே பெயருக்குப் போனது. கடன் வளர்ந்துகொண்டே இருந்தது. பலர் பாதியில் விலகினார்கள். விவசாயக் குடும்பத்தில் பெண்ணின் உழைப்பு கணக்கில் வராமல் போவதை அவ்வளவு நுட்பமாகக் கவனித்த குழு, தன் அடுப்படியைக் கவனிக்கவில்லை. அமெரிக்க இயக்குநர் பார்பரா ஹாமர் 2000இல் எடுத்த ‘அர்ப்பணிப்பு’ என்ற ஆவணப்படத்தில் முன்னாள் உறுப்பினர்கள் இதை வெளிப்படையாகப் பேசினார்கள்.

1989இல் யமகதா நகராட்சி தன் நூற்றாண்டை ஒட்டி, ஆவணப்படங்களுக்கென்றே ஒரு பன்னாட்டு விழாவைத் தொடங்கியது. இந்த யோசனைக்குப் பின்னால் ஒகாவா இருந்தார். ஆசியாவில் அப்படி ஒரு விழா அதற்கு முன் இல்லை. முதல் விழாவின் போட்டிப் பிரிவில் ஆசியப் படம் ஒன்றுகூட இடம்பெறவில்லை. வந்திருந்த ஆசிய இயக்குநர்களை ஒகாவா ஒன்றுகூட்டிப் பேசவைத்தார்; ஏன் படம் எடுக்க முடியவில்லை, எது தடுக்கிறது என்பதே பேச்சு. சீனாவின் சுயாதீன ஆவணப்பட இயக்கம் உருவானபோது அதன் முன்னோடிகள் யமகதாவுக்கு வந்து பார்த்த படங்கள் அவர்களுக்குப் பாடமாயின. விழா இரண்டாண்டுக்கு ஒருமுறை நடக்கிறது; புதிய ஆசியப் படங்களுக்கான பிரிவில் வழங்கப்படும் முதன்மை விருது ஒகாவாவின் பெயரைத் தாங்கியது.

ஒகாவா 1992 பிப்ரவரியில் இறந்தார். கமினோயமாவில் துவர்ப்பான ஒருவகைச் சிவப்புச் சீமைப் பனிச்சை விளைகிறது. பழத்தைத் தோல் சீவி, கயிற்றில் கட்டி, குளிர்காற்றில் தொங்கவிட்டு உலர்த்தினால் துவர்ப்பு நீங்கி இனிப்பேறும். அதைப் பற்றி அவர் எடுத்துவைத்த காட்சிகள் முடிக்கப்படாமல் கிடந்தன. சீனப் பெண் இயக்குநர் பெங் சியாவோலியன் மீதியைப் படமாக்கித் தொகுத்தார். ‘சிவப்புப் பனிச்சை’ 2001இல் வந்தது. கத்தியால் சீவிய காலத்திலிருந்து, மிதிவண்டி உறுப்புகளைக் கொண்டு ஊர்க்காரர்களே பொருத்திய சீவும் கருவி வரை, ஒரு சின்னத் தொழில் மாறிவந்த பாதை அதில் இருக்கிறது. ஒளிப்பதிவாளர் தமுரா கதைப்படங்களிலும் பணியாற்றினார். நாரா மாநிலத்து மலைக்கிராமம் ஒன்று காலியாவதைச் சொல்லும், கவாசே நவோமியின் ‘சுசாக்கு’ படத்துக்கு ஒளிப்பதிவு செய்தது அவர்தான். 1997இல் கான் விழாவில் முதல் படத்துக்கான விருதை அது பெற்றது.